ஆறு இல்லாத ஊரில் உழவு

பெங்களூரு நகரில் ரிச்சர்ட்ஸ் டவுன் என்று ஒரு பகுதி இருக்கிறது. அகலமான தெருக்கள். சில பழைய பங்களாக்கள். ஒரு பூங்கா. பூங்காவில் பெரிய பெரிய மரங்கள். தெருவில் நடந்தால் தமிழ் கேட்கும். கன்னடம் கேட்கும். உருதும் ஆங்கிலமும் கேட்கும்.

இங்கே வயல் இல்லை. ஏர் இல்லை. காய்கறி வண்டியில் வருகிறது. தண்ணீர் குழாயில் வருகிறது.

மழை பெய்யும்போது மட்டும் ஒன்றைக் கவனிக்கலாம். தெருவில் விழும் தண்ணீர் சும்மா நிற்பதில்லை. பள்ளத்தைத் தேடி ஓடுகிறது. அது எங்கே போகிறது? இன்று கேட்டால் பலர் "சாக்கடைக்கு" என்பார்கள். 200 ஆண்டுகளுக்கு முன் இந்தப் பக்கத்து விவசாயியைக் கேட்டிருந்தால் "ஏரிக்கு" என்று சொல்லியிருப்பார். அவருடைய சாப்பாடு அந்த ஓட்டத்தில்தான் இருந்தது.

பழைய நகரங்கள் பெரும்பாலும் ஆற்றங்கரையில் இருக்கும். மதுரைக்கு வைகை உண்டு. திருச்சிக்குக் காவிரி உண்டு. சென்னைக்குக் கூவமும் அடையாறும் உண்டு. பெங்களூருக்கு அப்படி ஓர் ஆறு கிடையாது. அது மேட்டில் இருக்கும் ஊர். கடல் மட்டத்திலிருந்து சுமார் 900 மீட்டர் உயரம். வீட்டுக் கூரையின் முகடு போன்ற இடம் அது. முகட்டில் விழும் மழை இரண்டு பக்கமும் வழிந்துவிடும் அல்லவா? பெங்களூரிலும் அப்படித்தான். மேற்கே வழியும் நீர் அர்க்காவதி ஆற்றில் சேர்ந்து, பிறகு காவிரிக்குப் போகிறது. கிழக்கே வழியும் நீர் தென்பெண்ணைக்குப் போகிறது. அது ஓசூர், கிருஷ்ணகிரி வழியாகச் சென்று கடலூர் அருகே கடலில் கலக்கிறது.

தண்ணீர் தங்காத இந்த மேட்டில் மக்கள் எப்படிப் பயிர் செய்தார்கள்? அதைப் பார்க்கும் முன், மழையே இல்லாத ஒரு நாட்டைப் பார்த்துவிட்டு வரலாம். அங்கே நிலைமை நேர் எதிர்.

எகிப்து: ஆறு கொடுத்த நாடு

எகிப்து ஆப்பிரிக்கா கண்டத்தில் உள்ளது. நாட்டின் பெரும்பகுதி பாலைவனம். அதன் தலைநகரான கெய்ரோவில் ஆண்டு முழுவதும் பெய்யும் மழை 3 சென்டிமீட்டர்கூட வராது. பெங்களூரில் ஆண்டுக்கு ஏறக்குறைய 95 சென்டிமீட்டர் மழை பெய்கிறது.

ஆனால் எகிப்தில் நைல் என்ற பெரிய ஆறு ஓடுகிறது. அதன் தெற்கே, எத்தியோப்பிய மலைகளில் ஜூன் மாதம் முதல் மழை கொட்டும். அந்தத் தண்ணீர் எகிப்துக்கு வந்து சேரும். முற்காலத்தில் ஆறு கரை புரண்டு வயல்களை மூடும். எகிப்து மக்கள் அதைக் கண்டு பயந்து ஓடவில்லை. அதற்காகக் காத்திருந்தார்கள். வெள்ளம் வந்தால்தான் சோறு.

வெள்ளம் வெறும் நீரை மட்டும் கொண்டு வரவில்லை. கறுப்பு வண்டலையும் கொண்டு வந்தது. மக்கள் நிலத்தைச் சுற்றிப் பெரிய வரப்புகள் போட்டிருந்தார்கள். வெள்ள நீரை உள்ளே விட்டு, ஒன்றரை மாதம் போலத் தேக்கி வைப்பார்கள். வண்டல் கீழே படியும். மண் நன்றாக நனையும். பிறகு நீரை வடித்துவிடுவார்கள். ஈரச் சேற்றில் விதைப்பார்கள். ஆடுகளை ஓட்டி, விதையை மிதித்துப் புதைக்கச் செய்வார்கள். எரு தனியாகப் போடத் தேவை இல்லை. எருவை ஆறே போட்டுவிட்டது.

கோதுமையும் பார்லியும் முக்கியப் பயிர்கள். பார்லி என்பது கோதுமை போன்ற ஒரு தானியம். ஆளி என்ற செடியின் நாரில் துணி நெய்தார்கள். ஆற்றோரம் வளர்ந்த பப்பிரஸ் என்ற கோரையில் எழுதும் தாள் செய்தார்கள். அதே கோரையில் கயிறும் பாயும் செய்தார்கள். ஆற்று மண்ணில் வைக்கோல் சேர்த்துச் செங்கல் அறுத்தார்கள். வெயிலில் காய வைத்து வீடு கட்டினார்கள். ஆறு கொண்டு வந்த எதையும் அவர்கள் வீணாக்கவில்லை.

மேட்டு நிலத்துக்கு நீர் இறைக்க ஒரு கருவி இருந்தது. நீண்ட கழி. ஒரு முனையில் வாளி. மறு முனையில் பாரம். நம் ஊர் ஏற்றம் போன்றதுதான். நம் ஏற்றத்தில் ஆள் மேலே ஏறி நடப்பார். அங்கே ஆள் கீழே நின்று இழுப்பார்.

ஆனால் எல்லா ஆண்டும் வெள்ளம் ஒரே அளவில் வராது. குறைந்தால் பஞ்சம். மிஞ்சினால் வீடும் வரப்பும் போகும். ஆகவே ஆற்றங்கரையில் கற்படிகளில் கோடு போட்டு, நீர் எத்தனை முழம் ஏறியது என்று அளந்தார்கள். அளவைப் பார்த்தால் விளைச்சல் எப்படி இருக்கும் என்று தெரியும். அரசனுக்கு எவ்வளவு வரி கிடைக்கும் என்றும் தெரியும்.

சுமார் 4,000 ஆண்டுகளுக்கு முன் அங்கே ஹெகநக்த் என்று ஒருவர் இருந்தார். அவருக்கு நிலம் இருந்தது. ஒரு சமயம் வேலையாக வெளியூர் போனார். அங்கிருந்து வீட்டுக்குக் கடிதம் அனுப்பினார். அந்தக் கடிதங்கள் 1921, 1922 ஆண்டுகளில் ஒரு கல்லறைப் பகுதியைத் தோண்டியபோது கிடைத்தன. எந்த நிலத்தைக் குத்தகைக்கு எடுக்க வேண்டும் என்று அதில் எழுதியிருக்கிறார். அப்போது வெள்ளம் குறைவு. ஆகவே வீட்டில் யார் யாருக்கு எவ்வளவு தானியம் என்று பெயர் பெயராக அளந்து எழுதியிருக்கிறார். குடும்பச் சண்டைகூட அந்தக் கடிதங்களில் உண்டு. அரசர்கள் கல்லில் வெட்டிய பெருமைகளைவிட, இந்த வீட்டுக் கணக்கில்தான் அந்தக் காலத்து உழவு நன்றாகத் தெரிகிறது.

மழையைப் பிடித்து வைத்தவர்கள்

பெங்களூரு விவசாயிக்கு நைல் இல்லை. வானம்தான் அவருக்கு ஆறு. மழை சில மாதங்களில் பெய்துவிட்டுப் போய்விடும். ஓடும் நீரை நிறுத்த வேண்டும். எப்படி நிறுத்துவது?

இரண்டு மேடுகளுக்கு நடுவே ஒரு பள்ளம் இருக்கும். பள்ளத்தின் குறுக்கே மண்ணைக் கொட்டி ஒரு கரை போட்டார்கள். மேலேயிருந்து வரும் மழைநீர் கரையில் முட்டி நின்றது. அதுதான் ஏரி. ஏரி என்றால் நாலு பக்கமும் தோண்டிய குளம் என்று நினைக்க வேண்டாம். ஒரு பக்கம்தான் கரை. மற்றப் பக்கங்களில் நிலமே மெல்ல மெல்ல உயர்ந்து போகும்.

இங்கே ஒரு வேடிக்கை உண்டு. தமிழில் நீர் நிற்கும் இடத்தை ஏரி என்கிறோம். அதைத் தடுக்கும் மேட்டைக் கரை என்கிறோம். கன்னடத்தில் நீர் நிற்கும் இடம் 'கெரே'. தடுக்கும் மேடுதான் 'ஏரி'. சொற்கள் இடம் மாறிவிட்டன. மற்றச் சொற்கள் மாறவில்லை. நீர் திறக்கும் வழி தமிழில் தூம்பு, கன்னடத்தில் தூபு. மிஞ்சிய நீர் வழியும் இடம் இரண்டிலும் கோடிதான். "ஏரி கோடி போகிறது" என்றால் ஏரி நிரம்பிவிட்டது என்று பொருள். இரண்டு மொழிக்காரர்களும் ஒரே கரையில் வேலை செய்தவர்கள் அல்லவா?

ஒரு ஏரி நிரம்பினால் கோடி வழியாக நீர் வெளியேறும். அந்த நீர் கால்வாயில் ஓடி அடுத்த ஏரிக்குப் போகும். அது நிரம்பினால் அதற்கும் கீழே உள்ள ஏரிக்குப் போகும். படிக்கட்டில் தண்ணீர் இறங்குவது போல ஏரிகள் இணைந்திருந்தன. பெரிய கால்வாய்க்கு ராஜகால்வாய் என்று பெயர். ரிச்சர்ட்ஸ் டவுனிலிருந்து சில கிலோமீட்டர் தொலைவில் அல்சூர் ஏரி இருக்கிறது. அதில் மிஞ்சும் நீர் பெல்லந்தூர் ஏரிக்குப் போகும். அங்கிருந்து வர்த்தூர் ஏரிக்குப் போகும். அதன்பின் தென்பெண்ணை ஆறு.

இந்த ஏரிகளை யார் கட்டினார்கள்? ஒருவர் அல்ல. ஊர் ஊராகப் பல நூறு ஆண்டுகள் கட்டினார்கள். அல்சூர் பக்கத்தில் தொம்மலூர் இருக்கிறது. அங்குள்ள சொக்கநாதசாமி கோயிலில் தமிழ்க் கல்வெட்டுகள் உள்ளன. ஒன்று 1270 ஆம் ஆண்டைச் சேர்ந்தது. இன்னொரு கல்வெட்டு, விண்ணமங்கலம் ஏரியைச் சேர்ந்த நிலத்தைச் சாமிக்குக் கொடுத்ததைச் சொல்கிறது. ஏரியை ஒட்டிய நிலம் என்றால் அதற்கு அவ்வளவு மதிப்பு.

பிறகு 1537 ஆம் ஆண்டில் கெம்பே கவுடர் பெங்களூரில் கோட்டை கட்டினார். அவர் காலத்திலும் அவர் வழி வந்தவர் காலத்திலும் தர்மாம்புதி, கெம்பாம்புதி, சம்பங்கி, அல்சூர் ஏரிகள் உண்டாயின என்பார்கள். 'அம்புதி' என்றால் கடல். மேட்டில் வாழ்ந்தவர்கள் தங்கள் ஏரியைக் கடல் என்றே அழைத்தார்கள்! திப்பசந்திரா, பொம்மசந்திரா என்ற ஊர்ப் பெயர்களைக் கேட்டிருப்பீர்கள். சமுத்திரம் என்ற சொல்தான் 'சந்திரா' என்று ஆனதாம்.

ஏரி தந்தவை

எல்லா நிலத்துக்கும் ஏரி நீர் கிடைக்காது. கரைக்கு மேலே உள்ளது மேட்டு நிலம். அங்கே ராகி விதைத்தார்கள். ராகிச் சாலுக்கு நடுவே அவரையும் போட்டார்கள். ஒரு பயிர் போனாலும் மற்றது கைகொடுக்கும். அவரை மண்ணுக்கும் நல்லது. ராகிக்கு மழை நீர் போதும். அதோடு அது லேசில் கெடாது. பூமியில் ஆழமாகக் குழி வெட்டி அதற்குள் ராகியைக் கொட்டி மூடி வைப்பார்கள். பல ஆண்டுகள் கழித்து எடுத்தாலும் பூச்சி இருக்காது. எகிப்தில் பஞ்சத்துக்கு அஞ்சிக் களஞ்சியம் கட்டினார்கள். இங்கே பூமியே களஞ்சியம்.

கரைக்குக் கீழே இருந்த நிலம் நஞ்சை. அங்கே நெல், கரும்பு, வெற்றிலை, தென்னை, காய்கறி, பூ எல்லாம் விளைந்தன. பெங்களூரில் தோட்ட வேலையில் பேர் பெற்றவர்கள் திகளர் என்ற மக்கள். அவர்களில் பலருடைய முன்னோர்கள் தமிழ் நாட்டுப் பக்கத்திலிருந்து வந்தவர்கள். சம்பங்கி ஏரியைச் சுற்றி அவர்கள் காய்கறியும் பூவும் பயிர் செய்தார்கள். பெங்களூரின் பெரிய திருவிழாவான கரகம் அவர்களுடைய திருவிழா.

ஏரியில் மீன் கிடைத்தது. நீர் வற்றும்போது ஓரங்களில் புல் முளைத்தது. மாடுகள் மேய்ந்தன. குயவர்கள் களிமண் எடுத்தார்கள். செங்கல் அறுப்பவர்கள் மண் எடுத்தார்கள். சலவைத் தொழிலாளிகள் துணி வெளுத்தார்கள். ஏரியில் நீர் நின்றால் பக்கத்துக் கிணறுகளிலும் நீர் ஊறும்.

எல்லாவற்றையும்விடப் பெரிய பொருள் ஒன்று உண்டு. அது வண்டல். மழைநீர் மேட்டு மண்ணை அரித்துக்கொண்டு வரும். அந்த மண் ஏரியின் அடியில் படியும். அப்படியே விட்டால் ஏரி மேடாகிவிடும். அப்புறம் நீர் கொள்ளாது. கோடையில் ஏரி வற்றியதும் மக்கள் இறங்கி வண்டலை வெட்டினார்கள். மாட்டு வண்டிகளில் ஏற்றித் தங்கள் நிலத்தில் கொட்டினார்கள். ஏரி ஆழமானது. வயல் கொழுத்தது. நைல் ஆறு தானே கொண்டு வந்து போட்டதை, இங்கே மனிதர்கள் கூடை கூடையாகச் சுமந்து போட்டார்கள்.

நீர் பங்கிட்டவர்

ஏரி ஒன்று. வயல்கள் பல. யாருக்கு எப்போது நீர்? இதை அவரவர் விருப்பத்துக்கு விட்டால் தலை உடையும். அதற்காகவே ஊரில் ஓர் ஆள் இருந்தார். கன்னடத்தில் அவர் நீருகண்டி. தமிழ்நாட்டில் நீர்க்கட்டி, நீர்பாய்ச்சி என்பார்கள்.

தூம்பைத் திறப்பதும் மூடுவதும் அவர் வேலை. அடியில் கல்லில் ஒரு துளை இருக்கும். அதில் கட்டை செருகியிருக்கும். கட்டையை எவ்வளவு தூக்குகிறாரோ அவ்வளவு நீர் போகும். ஏரியில் நீர் எவ்வளவு இருக்கிறது, எத்தனை நாளைக்கு வரும் என்று அவர் கணக்குப் போடுவார். நீர் குறைந்த ஆண்டில் எல்லா நிலத்திலும் நெல் நட முடியாது. எவ்வளவு நிலத்தில் நடலாம் என்று ஊர் கூடி முடிவு செய்யும். அறுவடை ஆனதும் ஒவ்வொரு வயலிலிருந்தும் அவருக்குத் தானியம் அளப்பார்கள். அதுதான் சம்பளம்.

பெருமழை இரவில் எல்லோரும் வீட்டில் படுத்திருப்பார்கள். நீருகண்டி கரையில் நடந்துகொண்டிருப்பார். கரையில் எலி வளை இருந்தாலும் ஆபத்து. அதில் நீர் கசிந்து, துளை பெரிதாகி, கரை உடையும். ஓர் ஏரி உடைந்தால் அதன் வெள்ளம் அடுத்த ஏரியையும் உடைக்கும்.

இதையெல்லாம் படித்துவிட்டு அந்தக் காலத்தில் எல்லோரும் சமமாக வாழ்ந்தார்கள் என்று எண்ணிவிடக் கூடாது. நல்ல நஞ்சை நிலம் பெரும்பாலும் வசதி உள்ளவர்களிடமே இருந்தது. நீர் பங்கிட்ட வேலையைப் பல ஊர்களில் தலித் மக்களே செய்தார்கள். இரவெல்லாம் கரையைக் காத்தவருக்குக் கரைக்குக் கீழே சொந்த நிலம் இருப்பது அரிது. எகிப்திலும் அப்படித்தான். மென்னா என்ற அதிகாரியின் கல்லறையில் உழவுக் காட்சிகளை அழகாக வரைந்திருக்கிறார்கள். அதே சுவரில், வரி கொடுக்க முடியாதவரை அடிக்கும் படமும் இருக்கிறது.

குழாய் வந்தது, ஏரி போனது

பெங்களூரில் 1809 ஆம் ஆண்டில் ஆங்கிலேயர்கள் ராணுவ முகாம் அமைத்தார்கள். அதைக் கண்டோன்மெண்ட் என்று சொல்வோம். சென்னைப் பக்கத்திலிருந்து சிப்பாய்களும், வேலைக்காரர்களும், வியாபாரிகளும் வந்தார்கள். தமிழ் பேசும் குடும்பங்கள் அல்சூரிலும் சுற்றுப்புறங்களிலும் பெருகின. 1898 இல் பிளேக் நோய் வந்தது. நெருக்கமான இடங்களில் மக்கள் மடிந்தார்கள். ஆகவே காற்றோட்டமான புதிய பகுதிகளை அமைத்தார்கள். இப்படிக் கண்டோன்மெண்ட்டின் வடகிழக்கு ஓரம் வீடுகளாக மாறியது. ஃபிரேசர் டவுன், குக் டவுன், ரிச்சர்ட்ஸ் டவுன் எல்லாம் அந்தப் பக்கம்தான்.

குடிநீருக்கும் வேறு வழி வந்தது. 1896 இல் ஹெசரகட்டா ஏரியிலிருந்து குழாயில் நீர் வந்தது. 1933 இல் திப்பகொண்டனஹள்ளி அணை கட்டினார்கள். 1974 இல் காவிரி நீர் வந்தது. காவிரி சுமார் 100 கிலோமீட்டர் தொலைவில், சுமார் 500 மீட்டர் பள்ளத்தில் ஓடுகிறது. அங்கிருந்து மின்சாரத்தால் இறைத்து மேலே ஏற்றுகிறார்கள்.

குழாய் நல்லதுதான். குடம் தூக்கி நடந்த பெண்களின் இடுப்பு வலி குறைந்தது. ஆனால் குழாய் வந்ததும் ஊர் ஏரியைத் திரும்பிப் பார்க்கவில்லை. வயல்கள் மனைகளாயின. வயல் இல்லாத ஊரில் நீருகண்டிக்கு வேலை ஏது? வண்டல் அள்ளும் வண்டி ஏது? சாக்கடை ஏரிக்குள் வந்தது. நாற்றம் எடுத்தது. பிறகு "இந்த இடம் எதற்கு வீணாகக் கிடக்கிறது?" என்ற பேச்சு வந்தது.

தர்மாம்புதி இருந்த இடத்தில் இன்று மெஜஸ்டிக் பேருந்து நிலையம் இருக்கிறது. பக்கத்துத் தெருவுக்கு இன்னும் டேங்க் பண்ட் ரோடு என்று பெயர். அதாவது ஏரிக்கரைத் தெரு. சம்பங்கி ஏரியில் கண்டீரவா விளையாட்டு அரங்கம் நிற்கிறது. ஓரத்தில் ஒரு சிறு குளம் மட்டும் மிச்சம். கரகத்தின் சடங்குக்காக அதை விட்டு வைத்தார்கள். ரிச்சர்ட்ஸ் டவுனுக்கு அதிகத் தூரம் இல்லாத மில்லர்ஸ் ஏரியும் போய்விட்டது. பெயர் மட்டும் மில்லர்ஸ் ரோட்டில் இருக்கிறது.

ஏரியை மூடலாம். பள்ளத்தை மூட முடியாது. 2022 செப்டம்பரில் பெங்களூரில் பெருமழை பெய்தது. பெல்லந்தூர், சர்ஜாபூர் ரோடு பக்கம் வீடுகளுக்குள் வெள்ளம் புகுந்தது. விலை உயர்ந்த கார்கள் மூழ்கின. கம்ப்யூட்டர் கம்பெனிகளில் வேலை செய்பவர்கள் டிராக்டரில் ஏறி வேலைக்குப் போனார்கள். உழுவதற்கு வயல் இல்லாத இடத்துக்கு டிராக்டர் இப்படித் திரும்பி வந்தது! அடுத்து 2024 கோடையில் அதே நகரில் ஆழ்குழாய்க் கிணறுகள் வற்றின. மக்கள் லாரித் தண்ணீருக்குக் காத்து நின்றார்கள். இரண்டு ஆண்டு இடைவெளியில் வெள்ளம் ஒரு முறை, தட்டுப்பாடு ஒரு முறை.

எகிப்திலும் ஒரு பெரிய மாற்றம் நடந்தது. 1970 இல் நைல் ஆற்றின் குறுக்கே அஸ்வான் பேரணையைக் கட்டி முடித்தார்கள். வெள்ளம் நின்றது. ஆண்டு முழுவதும் பாசனம் கிடைத்தது. மின்சாரமும் கிடைத்தது. ஆனால் வண்டல் அணைக்குள்ளேயே தங்கிவிட்டது. இன்று அந்த நாட்டு விவசாயி உர மூட்டை வாங்குகிறார். முன்பு ஆறு இலவசமாகக் கொடுத்ததற்கு இப்போது விலை.

கழிவு நீரும் ஒரு பொருள்

பெங்களூரின் கழிவு நீர் பல ஆண்டுகளாகப் பெல்லந்தூர் ஏரியில் விழுந்தது. சுமார் 900 ஏக்கர் ஏரி அது. அதில் வெள்ளை நுரை மலை போல எழுந்து தெருவில் பறந்தது. 2015 இலும் 2018 இலும் அங்கே தீப்பிடித்தது. தண்ணீர் உள்ள இடத்தில் தீ! அந்த ஏரியின் நீர் தென்பெண்ணையில் சேர்கிறது. ஓசூர் அருகே கெலவரப்பள்ளி அணையிலும் பலமுறை நுரை பொங்கியது. மேல் ஏரிக்காரர் செய்வதைக் கீழ் ஏரிக்காரர் அனுபவிக்க வேண்டியிருக்கிறது. பழைய விவசாயிக்கு இது நன்றாகத் தெரிந்த சங்கதி.

2018 முதல் இன்னொரு வேலை நடக்கிறது. நகரத்தின் கழிவு நீரில் ஒரு பகுதியைச் சுத்தம் செய்கிறார்கள். அதைக் குழாய் வழியாகக் கோலார் மாவட்டத்துக்கு அனுப்புகிறார்கள். கோலார் வறண்ட மாவட்டம். அங்கே பழைய ஏரிகள் ஏராளம். பல ஏரிகள் காய்ந்து கிடந்தன. இந்த நீர் ஓர் ஏரியை நிரப்பி, கோடி வழியாக வழிந்து, அடுத்த ஏரிக்குப் போகிறது. கிணறுகளில் நீர் ஏறியது. சுத்தம் செய்தது போதாது, இன்னும் ஒருமுறை சுத்தம் செய்து அனுப்ப வேண்டும் என்று அங்கே விவசாயிகள் கேட்கிறார்கள். அவர்கள் கேட்பது நியாயம். அந்த நீர் நிலத்துக்குள் இறங்கி, அவர்கள் குடிக்கும் கிணற்றுக்குத்தான் வருகிறது.

பேசிப் பாருங்கள்

உங்கள் தெருவில் மழைநீர் எந்தப் பக்கம் ஓடுகிறது? அடுத்த மழையில் குடை பிடித்துக்கொண்டு அதன் பின்னால் கொஞ்ச தூரம் நடந்து பாருங்கள். கால்வாய் எங்கே அடைத்திருக்கிறது? உங்கள் ஊரில் கெரே, ஏரி, குளம், சமுத்திரம் என்று முடியும் பெயர்கள் எத்தனை? அந்தப் பெயருள்ள இடத்தில் இன்று என்ன இருக்கிறது? வயதானவர்களைக் கேளுங்கள். அவர்கள் சொல்வதைத் தேதி போட்டு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். ஹெகநக்த் எழுதியதும் வீட்டுக் கணக்குத்தான்.